‘காடு’ முதல் ‘கலை அரசி’ வரை: தமிழ் விஞ்ஞானப் புனைவுத் திரைப்படம் பற்றிய ஒரு வரலாற்று நோக்கு

தமிழ்த் திரைப்பட வரலாற்றாய்வு புராணப் படங்களுக்கும் சமூகப் படங்களுக்கும் அளித்த கவனத்தை விஞ்ஞானப் புனைவுப் படங்களுக்கு அளிக்கவில்லை. சிறு முதலீட்டில் உருவான இவை வெறும் கேளிக்கையாகக் கொள்ளப்பட்டமை இதற்கு ஒரு காரணம் எனலாம்.

1950 இல் அமெரிக்காவின் லிப்பேட் நிறுவனம் வெளியிட்ட ‘ரொக்கற்ஷிப் எக்ஸ்-எம்’ மூன்று வாரங்களுக்கும் குறைந்த காலத்திற் படமாக்கப்பட்டது. அதன் செவ்வாய்க் கிரகக் காட்சிகளுக்குச் செந்நிறச் சாயம் ஏற்றப்பட்டது. அணுப்போரினால் அழிந்த நாகரிகமொன்றை உணர்த்த அச்சாயமும் பாழ்நிலமுமே போதுமாயின. பொருட்குறையைச் சூழல் ஈடுசெய்தது.

இதே நிறுவனம் சேலம் மொடர்ன் தியேட்டர்ஸ் அதிபர் டி. ஆர். சுந்தரத்துடன் இணைந்து, வில்லியம் பேர்க்கின் இயக்கத்தில் 1952 இல் ‘காடு’ படத்தை உருவாக்கியது. யானைகள் ஊர்களைத் தாக்குகின்றன. அவற்றை மிரட்டித் துரத்துவன வரலாற்றுக்கு முற்பட்ட மாமத் விலங்குகள் என்பது கதை. இறுதிக் கட்டத்திலே தோன்றும் அவ்விலங்குகள், மயிர்ப் போர்வை அணிவிக்கப்பட்ட யானைகளே. அதுவரை அச்சத்தைத் தாங்கி நிற்பன மெய்யான காடும் படத்தின் பழுப்புச் சாயலுமாகும்.

வன்னியில் வாழும் நமக்கு இக்கதை வேறொரு வினாவையும் எழுப்புகின்றது. வவுனியா வடக்கில் யானை ஊருக்குள் புகுவது கற்பனையன்று. காடு சுருங்குதல், யானைப்பாதைகள் மறிக்கப்படுதல் முதலிய சமூகக் காரணங்கள் அதற்குள. படமோ அக்காரணத்தைப் பழங்கால விலங்கின்மீது ஏற்றி, வழிகாட்டும் பொறுப்பை அமெரிக்க வேட்டைக்காரர் ஒருவரிடம் ஒப்படைக்கின்றது. இந்தியா விடுதலை பெற்று ஐந்தாண்டுகள் கழிந்த பின்னரும் காலனியப் பார்வை நீங்கவில்லை என்பது இங்கு மனங்கொள்ளத்தக்கது.

1963 இல் ஏ. காசிலிங்கம் இயக்கிய ‘கலை அரசி’ ஒரு மாற்றத்தைக் காட்டுகின்றது. விஞ்ஞானத்தில் மேம்பட்டும் கலையற்றிருக்கும் வேற்றுலகிலிருந்து வருபவன் (எம். என். நம்பியார்) பாடகி வாணியை (பானுமதி) கவர்ந்து செல்கின்றான். அவளை மீட்பவன் மோகன் என்னும் உழவன் (எம். ஜி. இராமச்சந்திரன்). அந்நியருக்குரியதாயிருந்த நாயக இடம் உழுபவனுக்குக் கிடைத்தமை முற்போக்கான அம்சமே. ஆயின், அவ்வேற்றுலகமும் மன்னராட்சியாகவே காட்டப்படுகின்றது. பறக்கும் தட்டைக் கற்பனை செய்த கலைஞர், மன்னனற்ற உலகைக் கற்பனை செய்தாரல்லர்.

எனவே, இப்படங்களின் தந்திரக் காட்சிகளைக் கண்டு நகைப்பதோ பழைமை கருதிப் போற்றுவதோ போதாது. ஒரு சமூகம் எதற்கு அஞ்சியது, அவ்வச்சத்தைத் தீர்க்க யாரை நம்பியது என்பனவற்றை அவற்றினூடாக நாம் ஆராய்தல் வேண்டும்.