எந்த ஜீயஸ்?

கிரேக்கக் கடவுளரின் அடைமொழிகள் என்றதும் நமக்கு ஹோமரே நினைவுக்கு வருகிறார். மேகங்களைத் திரட்டும் ஜீயஸ், வெள்ளி வில்லேந்திய அப்பல்லோ, நிலத்தை உலுக்கும் பொசைடன். அவை அடியின் சந்தத்துக்கு இசைந்து வருபவை என்பதை 1928இல் மில்மன் பாரி தம் பாரிஸ் ஆய்வேட்டில் நிறுவினார். அதிலிருந்து அடைமொழியை யாப்பின் தேவை என்று சொல்லிக் கடந்துவிடுகிறோம். பலிபீடத்தின் முன் நின்ற கிரேக்கருக்கோ அது வாழ்வுச் சிக்கல்.

ஸெனோஃபோனின் 'அனபாசிஸ்' இறுதி நூலில் ஒரு நிகழ்ச்சி. பாரசீகத்தின் உள்நாட்டிலிருந்து கூலிப்படையை மீட்டுவந்த தளபதிகளுள் ஒருவரான அவர், கி.மு. 399இல் லாம்ப்சகஸ் நகரில் கையில் பணமின்றி நிற்கிறார். வழிச்செலவுக்குக் குதிரையையும் விற்றாயிற்று. யூக்ளிடீஸ் என்ற குறிசொல்பவர் (வடிவியல் யூக்ளிட் அல்லர்) பலிவிலங்கின் குடலைப் பார்த்துவிட்டு, "உமக்குத் தடையாக நிற்பவர் ஜீயஸ் மெய்லிகியோஸ்" என்கிறார். விந்தை என்னவெனில், ஸெனோஃபோன் ஜீயஸை மறந்தவரே அல்லர். டெல்ஃபி சுட்டிய ஜீயஸ் பசிலியஸுக்கு, அதாவது அரசராகிய ஜீயஸுக்கு, வழிநெடுகப் பலியிட்டவர். மெய்லிகியோஸுக்கு மட்டும் வீட்டைவிட்டுக் கிளம்பியதிலிருந்து ஒன்றும் செய்யவில்லை. மறுநாள் முன்னோர் முறைப்படி பன்றிகளை, உண்ண எதையும் மிச்சம் வைக்காமல், முழுதாக எரிக்கிறார். அன்றே படைக்குப் பணம் வந்து சேர்கிறது. ஐம்பது தாரிக்குக்கு விற்ற குதிரையை நண்பர்கள் மீட்டுக் கொடுத்து, விலை வாங்க மறுக்கிறார்கள்.

ஜீயஸ் என்ற பெயரின் வேர் ஒளிரும் வானம். ரிக்வேதத்தின் தியௌஸ் அதன் உடன்பிறப்பு. மெய்லிகியோஸோ பிரேயஸ் துறைமுகப் புடைப்புச் சிற்பங்களில் படமெடுத்த பெரும்பாம்பு. சொல்லின் பொருள் 'சாந்தமானவர்'. அஞ்சத்தக்கதை இன்சொல்லால் அழைக்கும் வழக்கம் இது; நாகத்தை நாம் நல்ல பாம்பு என்பதைப் போல. எரினீஸ் என்னும் பழிவாங்கும் தேவியரும் இப்படித்தான் 'நல்லெண்ணம் உடையோர்' ஆயினர்.

அடைமொழி விடுபட்டதால் நேர்ந்த விபரீதத்தை தூசிடிடீஸில் காண்கிறோம். கி.மு. 7ஆம் நூற்றாண்டில், ஜீயஸின் மிகப்பெரிய திருவிழாவின்போது ஏதென்ஸின் அக்ரோபோலிஸைக் கைப்பற்றுமாறு கைலோனுக்கு டெல்ஃபி வாக்கு கிடைத்தது. எந்த ஜீயஸ் என்று அது சொல்லவில்லை. ஒலிம்பியாவில் வென்றவரான கைலோன், ஒலிம்பிய விழா என்றே கொண்டார். ஏதென்ஸிலேயே, நகருக்கு வெளியே, மெய்லிகியோஸுக்குரிய மிகப்பெரிய விழாவாக டயாசியா நடந்துவந்ததை அவர் எண்ணிப் பார்க்கவில்லை. முற்றுகையில் பசியால் வாடிய அவருடைய ஆட்கள் பலிபீடத்தில் தஞ்சம் புகுந்தனர். உயிருக்கு ஊறில்லை என்ற உறுதியோடு வெளியே அழைத்துவரப்பட்டுக் கொல்லப்பட்டனர். கைலோன் தப்பிவிட்டார். கொன்றவர் குலத்தின் மேல் விழுந்த சாபத்தை, ஏறத்தாழ இருநூறு ஆண்டுகள் கழித்து, பெலொபொன்னீசியப் போருக்குச் சற்றுமுன் ஸ்பார்ட்டா மறவாமல் எடுத்துக்காட்டியது. தாய்வழியில் அக்குலத்தவரான பெரிக்ளீஸை ஏதென்ஸைவிட்டு விரட்டுவதற்காக.