உயரம் என்னும் அளவுகோல்

1857-க்குப் பின் பிரிட்டிஷ் இந்தியப் படையின் ஆள்சேர்ப்பு பஞ்சாபை நோக்கித் திரும்பியது. 1885 முதல் 1893 வரை தலைமைத் தளபதியாயிருந்த ராபர்ட்ஸ், வடபுலத்து ஆடவரே போருக்கு உரியவர் எனக் கருதினார். சென்னைப் படைப்பிரிவுகள் சுருங்கின. நெடிய உடல் வீரத்தின் அடையாளமாயிற்று. விந்தை என்னவெனில், குறுகிய உருவினரான கூர்க்கர்களையும் அதே தளபதிகள் போர்க்குடியினர் என்றே கொண்டாடினர். தம் அளவுகோலைத் தாமே நம்பவில்லை போலும்!

இன்று மத்திய ஆயுதக் காவல் படைகளின் காவலர் தேர்வில் ஆண்களுக்குப் பொது வரம்பு 170 செ.மீ.; பழங்குடியினருக்கு 162.5. இதனைத் 'தளர்வு' என்கின்றனர். அச்சொல்லே பிழை. ஓட்டம் பயிற்சியால் வரும். குழந்தைப் பருவத்து ஊட்டக்குறை பறித்த உயரம் திரும்பாது. 5 கிலோமீட்டரை 24 நிமிடத்தில் ஓட வல்ல பொதுப்பிரிவு ஏழை இளைஞனும் 169-இல் நின்றுவிட்டால் வெளியேற்றப்படுகிறான்.