தீக்குச்சி வெளிச்சத்தில் ஒரு காதல்

காதலைச் சொல்லால் உணர்த்தும் திரைப்படங்கள் பல. ஒளியாலும் நிழலாலும் உணர்த்தும் படங்கள் சில. முன்னவற்றின் பிரதி சற்றுத் தேய்ந்திருந்தாலும் கதை விளங்கிவிடும். பின்னவற்றிலோ படத்தின் தெளிவு குன்றினால் காதலின் சுவையும் உடன் குன்றும். இவ்வுண்மைக்குச் சான்றாக ஒரு படத்தின் வரலாற்றைக் காண்போம்.

1959-ஆம் ஆண்டில் சத்யஜித் ராய் ‘அபுர் சன்சார்’ என்னும் வங்காளப் படத்தை வெளியிட்டார். வறிய எழுத்தாளனாகிய அபுவுக்கும், எதிர்பாராத வகையில் அவனுக்கு மனைவியாக வாய்த்த அபர்ணாவுக்கும் இடையே அரும்பும் அன்பே அதன் உயிர்நிலை. சௌமித்ர சட்டர்ஜியும் சர்மிளா தாகூரும் அவ்விருவராக நடித்தனர். ஒளிப்பதிவு செய்தவர் சுப்ரதா மித்ரா.

இருவரும் படம் பார்த்துவிட்டுக் குதிரை வண்டியில் இரவில் வீடு திரும்புகின்றனர். அபர்ணா ஒரு தீக்குச்சியைக் கிழிக்கிறாள். அச்சிறு சுடரில் அவள் முகம் ஒளிர்கிறது. அவள் கண்களில் இருப்பது யாதென்று அபு வினவுகிறான். மை என்று அவள் விடை கூறுகிறாள். காட்சி இவ்வளவே. ஆயினும் கருமைக்கும் வெண்மைக்கும் இடைப்பட்ட சாம்பல் நிறச் சாயல்கள் யாவும் புலப்பட்டாலன்றி இது உயிர் பெறாது. பிரதியிலிருந்து பிரதி எடுக்குந்தோறும் அச்சாயல்கள் மறையும். முகம் வெள்ளைத் திட்டாகும்; கண்மை இருளோடு கலந்துவிடும்; அபுவின் கேள்விக்கே பொருளின்றிப் போகும்.

1993-ஆம் ஆண்டு ஜூலையில் லண்டனில், படச்சுருள்களைக் கழுவிப் பிரதியெடுக்கும் கூடமொன்றில் தீப்பற்றியது. ராயின் படங்கள் பலவற்றின் மூல நெகடிவ்கள் அதில் கருகின. எஞ்சியவற்றை அமெரிக்காவின் ஆஸ்கார் கழகக் காப்பகம் எறிந்துவிடாது காத்துவந்தது. இருபது ஆண்டுகளுக்குப் பின், இத்தாலியின் பொலோனா நகர வல்லுநர்கள் ஏறத்தாழ ஆயிரம் மணி நேரம் கையாலேயே உழைத்து அவற்றைச் சீர்செய்தனர். அபுவின் கதையைக் கூறும் முதலிரு படங்களின் நெகடிவ்களில் ஒரு பகுதி பயன்பட்டது. மூன்றாவதாகிய ‘அபுர் சன்சார்’ படத்தின் நெகடிவோ மீட்கவொண்ணாதபடி சிதைந்திருந்தது. ஆகவே முன்னரே எடுத்துவைத்திருந்த நுண்ணிய பிரதிகளைக் கொண்டு அப்படத்தைப் புதுப்பித்தனர். 2015-ஆம் ஆண்டில் மூன்று படங்களும் மீண்டும் திரைக்கு வந்தன. தீக்குச்சியின் ஒளியும் கண்ணின் மையும் தத்தம் இடத்தில் மீண்டும் விளங்கின.

தமிழின் முதற்பேசும்படமாகிய ‘காளிதாஸ்’ 1931-ஆம் ஆண்டில் வெளிவந்தது. அதன் பிரதி ஒன்றேனும் இன்று நம்மிடம் இல்லை. காப்பாரின்றிப் போன படத்தைப் புதுப்பிக்க எந்த வல்லுநராலும் இயலாது.

இன்று மாணவர்கள் கைப்பேசியிலேயே உயர்ந்த படங்களைக் காண்கின்றனர். கோப்பின் அளவைச் சுருக்கும்பொழுது இருளின் நுண்ணிய வேறுபாடுகளே பெரும்பாலும் முதலில் களையப்படுகின்றன. ஆதலால், மங்கிய பிரதியொன்றைக் கண்டுவிட்டு, ஒரு படம் சுவையற்றது என்று தீர்ப்பளித்தல் முறையன்று. நல்ல பிரதியைத் தேடிக் காண்பதே அக்கலைஞருக்கு நாம் செய்யும் நியாயமாகும்.