பாசறையிலிருந்து வந்த மடல்கள்

போர் வரலாறு பெரும்பாலும் தளபதிகளின் அறிக்கைகளைக் கொண்டும் அரசாங்கக் கோப்புகளைக் கொண்டும் எழுதப்படுகிறது. எந்தப் படை எங்கே இறங்கியது, எத்தனை பேர் மாண்டனர் என்பவற்றை அவை சொல்லும். போரிட்டவன் என்ன நினைத்தான் என்பதை அவை சொல்வதில்லை. அதை அறிய நமக்குள்ள முதன்மையான சான்று அவன் வீட்டுக்கு எழுதிய கடிதமே. எனினும், அக்கடிதத்தை எவ்வாறு வாசிப்பது, யாருடைய கடிதங்கள் நமக்கு எஞ்சியிருக்கின்றன என்னும் இரு கேள்விகளைக் கேட்காமல் அதை வரலாற்றுச் சான்றாகக் கொள்ள இயலாது.

முதல் உலகப் போரையே எடுத்துக்கொள்வோம். 1914 செப்டம்பரில் இந்தியப் படைகள் பிரான்சின் மார்செய் துறைமுகத்தில் இறங்கத் தொடங்கின. சிப்பாய்களிடையே அரசுக்கு எதிரான கருத்துகள் பரவுமோ என்று அஞ்சிய ஆங்கில அரசு, இந்தியர்களின் அஞ்சலைப் படிப்பதற்கென்றே தனித் தணிக்கை அலுவலகம் ஒன்றை அமைத்தது. அதன் தொடக்ககாலத் தலைவர் ஹோவெல் என்னும் அதிகாரி. கடிதங்களைப் பிரித்துப் படித்து, குறிப்பிடத்தக்க பகுதிகளை ஆங்கிலத்தில் பெயர்த்து, அறிக்கையோடு மேலிடத்துக்கு அனுப்புவது அவ்வலுவலகத்தின் பணி. அவ்வறிக்கைகள் இன்று இலண்டன் பிரித்தானிய நூலகத்தில் உள்ளன. அவற்றிலிருந்து 650க்கும் மேற்பட்ட கடிதப் பகுதிகளைத் தொகுத்து டேவிட் ஒமிசி 1999இல் நூலாக வெளியிட்டார். சிப்பாயின் குரலைக் காத்து வைத்தது அவன்மீது அரசு கொண்ட அன்பன்று. ஐயமே என்பது வரலாற்றின் விநோதம்.

இங்கே நாம் கவனிக்க வேண்டியது, அக்குரல் எத்தனை சல்லடைகளைக் கடந்து நம்மை அடைகிறது என்பதே. சிப்பாய்களில் மிகப் பலர் எழுதப் படிக்க அறியாதவர்கள். அவர்கள் சொல்ல, எழுதத் தெரிந்த ஒருவர் எழுதினார். ஊரிலும் கடிதத்தைப் படித்துக் காட்ட ஒருவர் வேண்டியிருந்தது. கணவன் மனைவிக்கு எழுதியதையும் பலர் கேட்டனர். ஆகவே அந்தரங்கம் என்று நாம் கருதும் கடிதம் உண்மையில் ஓர் அவைக்குரிய பேச்சு. தணிக்கையாளர் படிப்பார் என்பதும் சிப்பாய்க்குத் தெரியும். ஆதலால் குறிப்பால் உணர்த்தக் கற்றுக்கொண்டான். இந்தியச் சிப்பாய்களைக் கருமிளகு என்றும் வெள்ளையரைச் சிவப்பு மிளகாய் என்றும் குறித்து, படையின் இழப்பைச் சரக்குக் கணக்குப்போல் எழுதிய கடிதங்கள் உண்டு. மூலக் கடிதங்களில் பெரும்பாலானவை இன்றில்லை. அதிகாரியின் ஆங்கிலமே எஞ்சியிருக்கிறது.

இத்தனைக்குப் பிறகும் அவற்றில் உயிர் இருக்கிறது. நிலம், கடன், தங்கையின் திருமணம், கிடைக்காத விடுப்பு ஆகியவையே அவற்றின் அன்றாடப் பொருள். தம்பியைப் படையில் சேர விடாதே என்று மறைமுகமாக எச்சரிக்கிறான் ஒருவன். பிரெஞ்சுக் குடியானவப் பெண்கள் படித்திருப்பதைக் கண்டு, நம் வீட்டுப் பெண்களையும் படிக்க வையுங்கள் என்கிறான் மற்றொருவன். இவை எந்தத் தளபதியின் அறிக்கையிலும் இடம்பெறாதவை.

இனி இரண்டாம் கேள்விக்கு வருவோம். இக்கடிதங்கள் பெரும்பாலும் வடபுலத்தாருடையவை. 'போர்க்குடிகள்' என்று ஆங்கிலேயர் வகுத்த கோட்பாட்டின்படி பஞ்சாபியருக்கே படையில் முதலிடம் தரப்பட்டது. ஆனாலும் அப்போரில் சென்னை மாகாணம் சுமார் 51,000 போர்வீரர்களையும் 41,000 பணியாளர்களையும் அளித்தது. சென்னை சாப்பர்கள் மெசபொத்தேமியாவில் பணியாற்றினர். 1914 நவம்பரில் கிழக்காப்பிரிக்காவின் தாங்காவில் இறங்கித் தோற்ற படையில் 63ஆம் பாளையங்கோட்டை இலகு காலாட்படையும் இருந்தது. அத்தோல்வியில் இந்தியச் சிப்பாய்களை இகழ்ந்து எழுதிய மெய்னர்ட்ஸ்ஹேகன் என்னும் அதிகாரியின் நாட்குறிப்பு 1960இல் அச்சேறிப் பலராலும் எடுத்தாளப்பட்டது. அவருடைய நாட்குறிப்புகளின் நம்பகத்தன்மையே பின்னாளில் கடும் ஐயத்திற்கு உள்ளாயிற்று. அதிகாரியின் எழுத்து மட்டும் நிலைத்து, சிப்பாயின் கடிதம் அழிந்தால், பழியும் ஒருவன் தலையிலேயே நிலைத்துவிடுகிறது.

முல்லைப்பாட்டு பாசறையில் உறக்கமின்றி இருக்கும் மன்னனைக் காட்டுகிறது. காத்திருக்கும் தலைவியையும் காட்டுகிறது. வேலேந்திய எளிய வீரன் மனைவிக்கு என்ன சொல்லியனுப்பினான் என்பதை அறிய அங்கே வழியில்லை. ஆயினும் பழந்தமிழகம் எளியவனை அடியோடு மறந்துவிடவில்லை. 1965 வரை சேலம் மாவட்டத்தின் பகுதியாக இருந்த தருமபுரியிலும், அதனையடுத்த செங்கத்திலும் கிடைத்த நடுகற்கள், ஆநிரை மீட்டு மாண்டவனைப் பெயர் சொல்லி நினைவுகூர்கின்றன. முதல் உலகப் போருக்குப் பின் தமிழ்நாட்டின் பல ஊர்களில் பதிக்கப்பட்ட பளிங்குப் பலகைகளோ, இவ்வூரிலிருந்து இத்தனை பேர் சென்றனர், இத்தனை பேர் உயிர் நீத்தனர் என்று எண்ணிக்கையோடு நின்றுவிடுகின்றன. ஆயிரம் ஆண்டுகளுக்கு முந்தைய கல்லில் இருந்த பெயர், நூறாண்டுக்கு முந்தைய கல்லில் இல்லை. அந்தப் பெயரைத் திரும்பப் பெறும் வழிகளுள் ஒன்று கடிதம்.

இராசிபுரம் வட்டாரம் போன்ற பகுதிகளில் இப்பொருள் வெறும் ஆய்வுப் பொருளன்று. விடுதலைக்குப் பின் நடந்த போர்களிலும் நம் ஊர்களிலிருந்து சென்றவர்கள் உண்டு. '56 ஏ.பி.ஓ.', '99 ஏ.பி.ஓ.' என்னும் முகவரிகளை அவர்கள் குடும்பத்தார் மனப்பாடமாக அறிவார்கள். எழுதுபவன் எல்லையில் எங்கே இருக்கிறான் என்பதை அந்த எண் மறைக்கும். எனவே அஞ்சல் முத்திரையின் நாளும், கடிதத்தைப் பெற்றவரின் நினைவும் சேர்ந்தால்தான் அது முழுச் சான்றாகும். கடிதம் இருந்து, அதை விளக்கும் மூதாட்டி மறைந்துவிட்டால், பாதிச் சான்று போய்விடுகிறது.

காப்புக் கட்டும் நாளுக்கு முன் வீட்டுக்கு வெள்ளையடிக்கும்போது பரண்மேல் கிடக்கும் தகரப் பெட்டிகள் இறக்கப்படுகின்றன. பழைய காகிதங்கள் நெருப்புக்கோ எடைக்கோ போகின்றன. அரசு ஐயங்கொண்டு படித்த கடிதங்கள் இலண்டனில் பத்திரமாக இருக்கின்றன. அன்புகொண்டு படித்தவை நம் கண்முன்னே அழிகின்றன. உறையை எறியாமல், நாளைக் குறித்து, எழுதியவர் யார், பெற்றவர் யார் என்று கேட்டு எழுதி வைப்பது பெரும் புலமை வேண்டும் செயலன்று. நம் மாணவர் ஒவ்வொருவரும் தம் தெருவில் ஒரு வீட்டில் இதைச் செய்தாலே, பளிங்குப் பலகையின் எண்ணிக்கையைப் போல் நம் காலத்தவரும் பெயரற்றுப் போகாமல் காக்கலாம்.