சிக்கலாரும் ஜில் ஜில் ரமாமணியும் நம் ரயில் பாதையும்

நம் ஊர் ரயில் நிலையத்தில் நின்றால் தண்டவாளம் ஒரு பக்கம் திருவாரூருக்கும் மறுபக்கம் காரைக்குடிக்கும் போகிறது. திருவாரூர்ப் பக்கம் நாதஸ்வரச் சீமை. காரைக்குடிப் பக்கம் நாடகக்காரர்களுக்குச் சோறு போட்ட சீமை. இந்த இரண்டையும் ஒரே கதையில் உட்கார வைத்து நம்மைச் சிரிக்க வைத்த படம் ‘தில்லானா மோகனாம்பாள்’. 1968 ஜூலை 27-ல் வெளியானது. டிவியில் எத்தனை முறை பார்த்தீர்கள் என்று கேட்கப் போவதில்லை. அடுத்த முறை பார்க்கும்போது பாட்டையும் பரதத்தையும் கொஞ்சம் ஒதுக்கி வைத்துவிட்டு, நடிப்பவர்கள் எங்கிருந்து வந்தவர்கள் என்று மட்டும் கவனியுங்கள்.

கதை கொத்தமங்கலம் சுப்பு எழுதியது. ‘கலைமணி’ என்ற பெயரில் ஆனந்த விகடனில் தொடராக வந்தபோது கோபுலு ஓவியம் வரைந்தார். சிக்கல் சண்முகசுந்தரம் நாதஸ்வரக்காரர், மோகனா நாட்டியக்காரி. இருவருக்கும் காதல், இருவருக்குமே தலைக்கனம். ‘என் கலைதான் பெரிது’ என்று முறைத்துக்கொண்டே ஒருவரை ஒருவர் தேடிப் போகிறார்கள். சந்தேகம், சவால், கோபித்துக்கொண்டு கிளம்புவது, மறுபடி எதிர்ப்படுவது. படம் முழுக்க இதுதான்.

ஹாலிவுட்டிலும் இதற்கு ஓர் அண்ணன் உண்டு. 1934-ல் ஹோவர்ட் ஹாக்ஸ் இயக்கிய ‘ட்வென்டியத் செஞ்சுரி’. நாடக முதலாளி ஒருவர், அவர் உருவாக்கிவிட்டு இழந்த நடிகை ஒருத்தி. சிகாகோவிலிருந்து நியூயார்க் போகும் ரயிலில் இருவரும் மாட்டிக்கொண்டு சண்டை போடுகிறார்கள். முதலாளியாக நடித்த ஜான் பேரிமோர், மேடையில் ஹாம்லெட்டாகப் பேர் வாங்கியவர். மேடைக்காரரின் அலட்டலை அவரே கேலி செய்து காட்டினார். நடிகையாக வந்த கேரல் லொம்பார்ட் அவருக்குச் சற்றும் சளைக்கவில்லை. சுப்புவோ நாகராஜனோ அதைப் பார்த்து எடுத்தார்கள் என்று சொல்ல வரவில்லை. ஆனால் நம் படத்து ரயில் காட்சி நினைவிருக்கிறதா? ஒரே பெட்டியில் சிவாஜியும் பத்மினியும், பக்கத்திலேயே கண்கொத்திப் பாம்பாக அம்மா வடிவாம்பாள், இடையில் டி.எஸ்.பாலையா. அமெரிக்க ஜோடி கத்திக் கத்திச் செய்ததை இங்கே கண்ணாலேயே முடித்துவிட்டார்கள். எனக்கு நம்முடையதுதான் ஒரு படி மேல்.

இப்போது ஆட்களுக்கு வருவோம். இயக்குநர் ஏ.பி.நாகராஜன் டி.கே.எஸ். சகோதரர்கள் நாடகக் குழுவில் பெண் வேடம் போட்டு வளர்ந்தவர். சிவாஜியும் சிறுவயதில் நாடகக் கம்பெனியில் சேர்ந்து பெண் வேடம் கட்டியவர்தான். மதன்பூர் மகாராஜாவாக வரும் நம்பியார், நவாப் ராஜமாணிக்கம் கம்பெனிப் பிள்ளை. பாலையாவும் தங்கவேலுவும் மேடையிலிருந்து வந்தவர்களே.

பாய்ஸ் கம்பெனி என்றால் இன்றைய பிள்ளைகளுக்குப் புரியாது. ஏழெட்டு வயதில் பையனைக் கொண்டுபோய் விட்டுவிடுவார்கள். சாப்பாடு, படுக்கை, பாட்டு, வசனம், அடி எல்லாம் அங்கேயே. மகரக்கட்டு உடைந்து குரல் போனால் பல பையன்களுக்கு வாய்ப்பும் போய்விடும். நம் மாவட்டத்துப் பி.யு.சின்னப்பாவும் அப்படியொரு கம்பெனியில், மதுரை ஒரிஜினல் பாய்ஸில், தேறி வந்தவர். அப்படி வளர்ந்தவர்களுக்குக் கலைஞனின் ரோஷம் என்ன, பொறாமை என்ன, கைதட்டலுக்கு ஏங்குவது என்ன என்று யாரும் சொல்லிக் கொடுக்க வேண்டியதில்லை. தங்களைத் தாங்களே கேலி செய்துகொள்ளவும் தெரிந்திருந்தது. பத்மினி கம்பெனிக்காரர் அல்ல. ஆனால் உண்மையான நாட்டியக்காரர். நாதஸ்வரம் வாசித்தவர்கள் மதுரை எம்.பி.என்.சேதுராமன், பொன்னுசாமி சகோதரர்கள். வைத்தியாக வந்த நாகேஷ் ஒரு காலத்தில் ரயில்வே குமாஸ்தா. ரயில் காட்சி இருந்தும் அதில் அவர் இல்லை என்பது எனக்கு ஒரு சின்னக் குறை!

இத்தனை பேரிலும் நமக்கு மிக அருகில் இருந்தவர் ஜில் ஜில் ரமாமணிதான். மனோரமா பிறந்தது 1937-ல், மன்னார்குடியில். தாய் அவரைத் தூக்கிக்கொண்டு வந்து சேர்ந்த ஊர் பள்ளத்தூர். இங்கிருந்து காரைக்குடி ரயிலில் போனால் கண்டனூர் புதுவயல் நிலையத்தில் இறங்கிக்கொள்ளலாம். தாய் வீட்டு வேலை செய்துதான் பிழைப்பு. படிப்பு பாதியில் நின்றது. ‘பள்ளத்தூர் பாப்பா’ என்று நாடக மேடைகளில் பெயர் வாங்கி, 1958-ல் ‘மாலையிட்ட மங்கை’ மூலம் சினிமாவுக்குப் போனார்.

நாடகக்காரி என்றால் அன்றைக்கு ஊர் எப்படிப் பேசும் என்று வீட்டுப் பெரியவர்களைக் கேட்டுப் பாருங்கள். ‘கூத்தாடி’ என்ற சொல்லே வசவு. வாடகைக்கு வீடு கிடைக்காது. அதனால்தான் ஜில் ஜில் ரமாமணி முக்கியம். அவள் சிரிப்பு, பேச்சு, பெயர் எல்லாவற்றுக்கும் நாம் சிரிக்கிறோம். ஆனால் படம் அவளை ஓர் இடத்திலும் தாழ்த்தவில்லை. மனம் உடைந்து நிற்கும் பெரிய வித்துவானுக்கு ஆறுதல் சொல்பவள் அவள். பட்டும் வைரமும் வைத்துக்கொண்டு மோகனாவை விலை பேச வரும் மைனரையும் மகாராஜாவையும் விட இந்தக் கொட்டகைக்காரி கௌரவமானவள். பள்ளத்தூர் பாப்பாவுக்கு இதை நடிக்க எவ்வளவு கேட்டிருக்கும், எவ்வளவு நினைவுக்கு வந்திருக்கும் என்று யோசித்துக்கொண்டே அந்தக் காட்சிகளைப் பாருங்கள். அந்த ஆண்டின் சிறந்த தமிழ்ப் படத்துக்கான தேசிய விருதை இந்தப் படம் பெற்றது. மனோரமா 2015 அக்டோபரில் காலமானார்.

அவர் விட்டு வந்த மேடை இன்னும் மூடப்படவில்லை. புதுக்கோட்டையில் நாடக நடிகர் சங்கம் இருக்கிறது. நம் சுற்றுவட்டாரக் கோயில் திருவிழாக்களில் வள்ளி திருமணமும் அரிச்சந்திராவும் இன்றும் நடக்கின்றன. ராஜபார்ட் ஓர் ஊர், ஸ்திரீபார்ட் ஓர் ஊர், பபூன் இன்னோர் ஊர். பஸ் ஏறி வந்து, ஒத்திகை இல்லாமல் நேரே மேடை ஏறி விடிய விடிய நடத்திக் கொடுப்பார்கள். ஸ்பெஷல் நாடகம் என்று பெயர். ஒலிபெருக்கிச் சத்தம் நம் மாடி வரை வந்தால் ஜன்னலைச் சாத்திவிட்டுப் படுத்துக்கொள்கிறோம். இந்த முறை சாத்தாமல், பிள்ளைகளையும் கூட்டிக்கொண்டு இறங்கிப் போய்ப் பாருங்கள். பபூன் மேடைக்கு வர எப்படியும் பத்தரை மணியாகும். நாற்காலி கிடைக்காது, கையோடு ஒரு பாய் எடுத்துக்கொள்ளுங்கள்.