குணசேகரன் ஆன மாரிமுத்து

மாரிமுத்துன்னு சொன்னா எங்க பாப்பிரெட்டிப்பட்டியில "யாரு?"ன்னுதான் கேப்பாங்க. "ஏய்... இந்தாம்மா"ன்னு இழுத்துச் சொல்லுங்க, டக்குன்னு புரியும்.

தேனி மாவட்டம் வருசநாட்டுப் பக்கத்துக்காரர். ராஜ்கிரண், வசந்த்கிட்ட எல்லாம் உதவி இயக்குநரா இருந்தவர். தானே இயக்கினது ரெண்டே படம்: 'கண்ணும் கண்ணும்' (2008), 'புலிவால்' (2014). ரெண்டும் அவரைப் பெரிய இயக்குநராக்கலை. நடுவுல 2011-ல் மிஷ்கினோட 'யுத்தம் செய்'யில் நடிச்சார். 2018-ல் 'பரியேறும் பெருமாள்'ல கதாநாயகியோட அப்பா. சாதிக்கும் மகளுக்கும் நடுவுல மாட்டிக்கிட்டு, பரியன்கிட்ட பேசத் திணறுவாரே, அதை மறுபடி ஒருதரம் பாருங்க மக்களே.

2022-ல் சன் டிவியில் திருச்செல்வத்தோட 'எதிர்நீச்சல்'. வீட்டுப் பொம்பளைங்களை அடக்கி ஆள்ற ஆதி குணசேகரன். அவரைத் திட்டறதுக்குன்னே உக்காருவாங்க, திட்டிக்கிட்டே ரசிப்பாங்க! எல்லாம் அந்தக் குரல்தாங்க. ஒரு சொல்லை இழுத்து, அடுத்ததை அலட்சியமா உதறுவார். நம்ம ஊர்ப் பெரியமனுஷங்க நாலு பேராவது ஞாபகத்துக்கு வருவாங்க (பேர் சொல்ல மாட்டேன்!).

2023 செப்டம்பர் 8 காலையில, அதே சீரியலுக்கு டப்பிங் பேசிட்டிருந்தப்ப மாரடைப்பு. போயிட்டார்.

அப்புறம் அந்த வேஷத்துக்கு வேல ராமமூர்த்தி வந்தார். நல்ல நடிகர்தான். ஆனா எங்க தெருவுல யாரும் முன்ன மாதிரி திட்டலை.