துடைப்பம் ஏந்தியோர் வரலாறு

வரலாறு என்றதும் மன்னரும் அமைச்சருமே நம் நினைவிற்கு வருகின்றனர். மன்னர் உலாப் போந்த வீதியைப் பெருக்கியவர் யார் என்று நாம் வினவுவதில்லை. எழுத்தில் இடம்பெறாத அம்மக்களை ஆவணப்படம் ஓரளவு காத்துத் தந்திருக்கிறது.

தமிழர்க்கு இத்துறை புதிதன்று. கோட்டையூர் ஏ. கே. செட்டியார் உலகெங்கும் அலைந்து படச்சுருள்களைத் திரட்டி, 1940-இல் காந்தியடிகளின் வாழ்வைத் திரையில் அளித்தார். அது மாமனிதர் ஒருவரின் வரலாறு. பெயரறியா மனிதரின் வரலாற்றைத் தம் பணியாக ஏற்றவருள் குறிப்பிடத்தக்கவர் மதுரை ஆர். பி. அமுதன்.

'மறுபக்கம்' என்னும் அமைப்பைத் தோற்றுவித்த இவர், 1998 முதல் மதுரையில் ஆவணப்பட விழாக்களையும் நடத்தத் தலைப்பட்டார். 2003-இல் வெளிவந்த இவரது படத்தின் பெயர் 'பீ'. பெயரைக் கேட்டதும் முகம் சுளிக்கிறோம். நாம் வாயால் சொல்லக் கூசுவதை மதுரைத் துப்புரவுப் பெண்மணி ஒருவர் நாள்தோறும் அள்ளுகிறார். அவரது ஒரு நாள் வேலையே படம். தொடர்ந்து, சுடலையில் பிணம் எரிப்போரைப் பற்றி 'மயானக் குறிப்புகள்' (2005), திருச்சியில் காலணி தைக்கும் அருந்ததியர் பற்றிச் 'செருப்பு' (2006) ஆகியன வந்தன. 1956 நவம்பர் முதல் நாள் வரை திருவாங்கூர்-கொச்சியோடு இருந்த மணவாளக்குறிச்சிக்கும் சென்று, கதிர்வீச்சுடைய கடல் மணலினருகே வாழ்வோரின் அச்சத்தை 2010-இல் படமாக்கினார்.

பிறர் இழிவைக் காட்சியாக்குதல் முறையோ எனச் சிலர் வினவலாம். இழிவு அள்ளுபவரைச் சார்ந்ததன்று. அள்ள விட்டவரைச் சார்ந்ததே என்பதுதான் அப்படங்களைக் கண்டோர் பெறும் விடை.

இது மதுரைச் செய்தி மட்டுமன்று. 1947-இல் தகழி எழுதிய 'தோட்டியின் மகன்' நாவல் ஆலப்புழையில் நிகழ்வது. அதன் மாந்தர் இசக்கிமுத்து, சுடலைமுத்து. பெயரைக் கேட்டதுமே நம்மவர் என்பது விளங்கவில்லையா? தராசோடு சாலைக் கடைத்தெருவிற்கு வந்த தமிழரையும், எழுதுகோலோடு அலுவலகங்களுக்கு வந்த தமிழரையும் பெருமையுடன் நினைவு கூர்கிறோம். துடைப்பத்தோடு மலையாள நாட்டிற்கு வந்த தமிழரை எந்த ஏட்டில் குறித்தோம்? மனிதர் கையால் மலம் அள்ளுவதை 1993-ஆம் ஆண்டுச் சட்டம் தடுத்தது. 2013-ஆம் ஆண்டுச் சட்டம் அத்தடையை மேலும் இறுக்கியது. மனத்தடையை நீக்கச் சட்டம் போதாது.

திருவனந்தபுரத்தில் 2008 முதல் சர்வதேச ஆவணப்பட, குறும்பட விழா நடைபெற்று வருகிறது. தம்பானூர் நமக்கு நடந்து செல்லும் தொலைவே. குழந்தைகளை அழைத்துச் செல்வோம். அடுத்த ஆண்டு விழாவில் பாட்டுக்கும் நாடகத்திற்கும் இடையே இத்தகைய படமொன்றும் இடம்பெறட்டும். அன்று நம் காலனியின் துப்புரவுத் தொழிலாளர், விழா முடிந்தபின் குப்பை கூட்ட அல்லாமல், முன்வரிசையில் அமர அழைக்கப்படுவாராக. அதுவே தமிழர் சங்கம் எனும் பெயருக்குப் பொருள் தருவதாகும்.